ஊட்டியிலிருந்து முதுமலைக்கு அரை நாள்: போகிற வழியிலேயே செய்துவிடும் தவறுகள்

ஊட்டிக்கு வருகிறவர்கள் இரண்டாம் நாள் தாவரவியல் பூங்காவையும் படகு இல்லத்தையும் முடித்துவிட்டு, மூன்றாம் நாள் காலையில் டிரைவரிடம் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "முதுமலை போனா புலி பார்க்கலாமா?" மலையிறங்கி, தெப்பக்காட்டில் வனத்துறை வண்டியில் ஒரு சுற்று சுற்றிவிட்டுத் திரும்பி ஏறுவது. அரை நாள் வேலை. பெரும்பாலும் டிரைவரேதான் கைடு. நான் கோவைக்காரன் என்பதால் சொந்தபந்தம் யார் வந்தாலும் இந்தப் பயணத்துக்குக் கூட்டிப்போகும் பொறுப்பு என் தலையில் விழும். கீழே சொல்லப்போகும் தவறுகளில் பாதி நானே செய்தவை.

முதலும் பெரியதுமான தவறு, முதுமலை என்பது தெப்பக்காட்டு டிக்கெட் கவுண்டரில் தொடங்குகிறது என்று நினைப்பது. கூடலூரைத் தாண்டிச் சில கிலோமீட்டரிலேயே மைசூரு சாலை புலிகள் காப்பகத்துக்குள் நுழைந்துவிடுகிறது. சஃபாரி வண்டியிலிருந்து பார்க்கும் அதே புள்ளிமானும் மயிலும் காட்டுமாடும் யானையும் இந்தச் சாலையோரத்திலும் நிற்கும். "சீக்கிரம் போங்கண்ணா, சஃபாரிக்கு நேரமாச்சு" என்று டிரைவரை விரட்டிக்கொண்டு, ஆளுக்கொரு போனில் தலையைக் கவிழ்த்தபடி காட்டைக் கடந்துபோய், பிறகு காசு கொடுத்து அதே காட்டைப் பார்க்க வரிசையில் நிற்கிறோம்.

சரி, எந்த வழி? ஊட்டியிலிருந்து தலைக்குந்தா வந்ததும் சாலை இரண்டாகப் பிரியும். ஒன்று பைக்காரா, நடுவட்டம், கூடலூர் வழியாகச் சுற்றிப்போவது, 65 கிலோமீட்டருக்கு மேல். இன்னொன்று கல்லட்டி வழியாக நேரே தெப்பக்காட்டுக்குப் பக்கத்து ஊரான மசினகுடிக்கு இறங்குவது. இது அதில் ஏறக்குறைய பாதித் தூரம்தான், ஆனால் 36 கொண்டை ஊசி வளைவுகள். கைபேசியின் வரைபடம் குட்டையான வழியைக் காட்டத்தான் செய்யும். அதை நம்பிப் போகிற வெளியூர் வண்டியைச் சோதனைச்சாவடியில் திருப்பி அனுப்புவார்கள். நீலகிரிப் பதிவான டி.என். 43 வண்டிகளைத் தவிர மற்றவை கல்லட்டியில் இறங்கக் கூடாது, கீழிருந்து ஏறலாம். 2018 அக்டோபரில் சென்னையிலிருந்து வந்த ஒரு கார் இந்த இறக்கத்தில் பள்ளத்தில் விழுந்து, இரண்டு நாள் யார் கண்ணிலும் படாமல் கிடந்தது. ஐந்து பேர் இறந்தார்கள். அதற்குப் பிறகு வந்த கட்டுப்பாடு இது. "லோக்கல் ஆள் ஒருத்தர் முன்னாடி உட்கார்ந்தா விட்டுடுவாங்க" என்று யாராவது சொன்னால் காதில் வாங்காதீர்கள். ஊட்டியிலேயே வாடகைக்கார் எடுத்தால் இந்தச் சிக்கல் இல்லை. சொந்தக் கார் என்றால் கூடலூர் வழியில் இறங்கி, கல்லட்டி வழியில் ஏறுங்கள். என்னைக் கேட்டால் இதுதான் சிறந்த சுற்று. ஒரே சாலையை இரண்டு தடவை பார்க்கவேண்டாம்.

கூடலூர் வழிதானே, அகலமான சாலை என்று மெத்தனமாக இருந்துவிடவும் கூடாது. ஊட்டி கடல் மட்டத்திலிருந்து 2,240 மீட்டர் உயரம். கூடலூருக்கு வரும்போது ஆயிரம் மீட்டருக்கு மேல் இறங்கியிருப்போம். சமவெளிக்காரர்கள் இந்த இறக்கம் முழுவதையும் பிரேக்கில் கால் வைத்தே ஓட்டுகிறார்கள். போன வருஷம் நடுவட்டம் தாண்டி ஒரு வளைவில் வெள்ளைக் கார் ஒன்று ஓரங்கட்டியிருந்தது. கருகிய வாசனை எங்கள் வண்டி வரைக்கும் வந்தது. வீட்டுப் பெரியவர் பானெட்டைத் திறந்துவைத்துவிட்டு (பாவம், சூடு அங்கே இல்லை) முன்சக்கரத்தில் பாட்டில் தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தார். சுர்ரென்று ஆவி பறந்தது. எங்கள் டிரைவர் அண்ணன் வண்டியை நிறுத்தி இறங்கிப் போனார். "தண்ணி ஊத்தாதீங்க சார், டிஸ்க் கோணிக்கும். அரை மணி நேரம் சும்மா நில்லுங்க, அதுவா ஆறிடும்" என்றார். அப்புறம் அந்தக் காரை ஓட்டிவந்த பையனிடம், "ஏற எந்த கியரோ இறங்கவும் அதே கியர் தம்பி" என்று சொல்லிவிட்டு வந்தார். இந்தப் பக்கத்து டிரைவர்கள் எல்லோரும் சொல்லும் பாடம் இதுதான். இரண்டாவது கியரில் என்ஜினே வண்டியைப் பிடித்துக்கொள்ளும். பிரேக்கை அவ்வப்போது அழுத்தினால் போதும். ஆட்டோமேட்டிக் கார் என்றால் ‘எல்’ அல்லது மேனுவல் நிலைக்கு மாற்றத் தெரிந்துகொண்டு கிளம்புங்கள். நியூட்ரலில் உருட்டி பெட்ரோல் மிச்சம் பிடிக்கும் புத்திசாலித்தனம் இங்கே வேண்டாம். ஏறி வருகிற வண்டிக்குத்தான் முதலில் வழி. இது மரியாதை மட்டுமில்லை, சாலை விதியே அப்படித்தான்.

நேரக் கணக்கில் எல்லோரும் தப்புவது ஒரே இடத்தில். ஹோட்டலில் இலவச காலைச் சாப்பாட்டை விட மனசில்லாமல் ஒன்பதரைக்குக் கிளம்புவார்கள். பைக்காராவில் படகு, வழியில் சினிமா எடுத்த புல்மேடு, ஊசிமலைக் காட்சிமுனை என்று ஒவ்வொன்றிலும் முக்கால் மணி நேரம் போகும். தெப்பக்காடு சேரும்போது உச்சிவெயில். அந்த நேரத்துக்கு விலங்குகள் நிழல் தேடி உள்ளே போயிருக்கும், சஃபாரியும் இருக்காது. அது காலையிலும் மாலையிலும்தான். விடிவதற்கு முன் கிளம்ப முடிந்தால் நல்லது. முடியாதென்றால் காலையில் ஊட்டியிலேயே இருந்துவிட்டு, மதியச் சாப்பாட்டைச் சீக்கிரம் முடித்துக்கொண்டு இறங்குங்கள். வழியில் ஒரே ஓர் இடத்தில் நிற்பது என்று வைத்துக்கொண்டால் என் ஓட்டு ஊசிமலைக்கு. மேலே யூகலிப்டஸ் வாசனையும் குளிரும், கீழே கூடலூர்ப் பள்ளத்தாக்கு விரிந்து கிடக்கும். இறங்கப்போகும் காட்டின் கூரையை முதலில் மேலிருந்து பார்த்துவிடலாம்.

இன்னொன்று: அன்றைக்கு சஃபாரி உண்டா என்று கேட்டுக்கொண்டு கிளம்புங்கள். காட்டுத்தீ பயமுள்ள கோடையிலும், கனமழை நாட்களிலும் நிறுத்திவைப்பதுண்டு. அப்படி நிறுத்தியிருக்கும் நாட்களில்தான் மசினகுடிப் பக்கம் யாராவது வந்து, "ஜீப் இருக்கு சார், ராத்திரி கூட்டிட்டுப் போறோம், யானை கேரண்டி" என்பார்கள். முதுமலையில் சஃபாரி நடத்துவது வனத்துறை. இரவில் விளக்கடித்துக் காட்டுக்குள் ஓட்டுவது சட்டவிரோதம். பிடிபட்டால் அபராதம் ஜீப்காரருக்கு மட்டும் போவதில்லை. ஒருமுறை என் மைத்துனர் பேரம் பேசி முன்பணமும் கொடுத்துவிட்டார். இரவு எட்டரைக்கு வருவதாகச் சொன்ன ஜீப் வரவேயில்லை. காசு போனது ஒருவகையில் நல்லதுதான் என்று இப்போது நினைக்கிறோம்.

சாலையில் யானை நின்றால் என்ன செய்வது என்பது பலருக்குத் தெரியவில்லை. தெரிந்தவர்களும் கேமராவைக் கையில் எடுத்ததும் மறந்துவிடுகிறார்கள். காப்பகத்துக்குள் வண்டியை நிறுத்துவதும் இறங்குவதும் தடை. ஒரு கார் நின்றால் பின்னால் பத்து கார் நிற்கும். யானைக்குச் சாலையைக் கடக்க இடம் இருக்காது. குட்டியுடன் இருக்கும் கூட்டம் என்றால் அது தன் வழியை மறிக்கும் எதையும் சும்மா விடாது. தூரத்திலேயே பார்த்துவிட்டால் அங்கேயே, என்ஜினை ஓடவிட்டு, கண்ணாடியை ஏற்றிக்கொண்டு, ஹார்னும் அடிக்காமல் காத்திருங்கள். காது விடைத்து, தும்பிக்கையைச் சுருட்டி நம்மைப் பார்த்து நின்றால் மெதுவாகப் பின்னால் எடுக்க வேண்டும். அதற்கு நமக்குப் பின்னால் இருப்பவரும் இடம் விட்டிருக்க வேண்டும் அல்லவா? அதனால்தான் முன்வண்டியோடு ஒட்டி ஓட்டாதீர்கள் என்கிறேன். ஒரு தனி ஆண் யானை மூங்கிலை ஒடித்துத் தின்றுகொண்டிருக்க, இருபது அடியில் ஒருவர் முதுகைக் காட்டி நின்று செல்ஃபி எடுத்ததை நான் பார்த்திருக்கிறேன். யானை அன்று பெரிய மனசு பண்ணியது.

குரங்குக்கு பிஸ்கட் போடுவதை யாரும் தவறாகவே எண்ணுவதில்லை. போட்டுப் பழக்கியதால்தான் அவை சாலையிலேயே உட்கார்ந்திருக்கின்றன, வண்டியில் அடிபடுகின்றன. கண்ணாடியை இறக்கிவைத்தால் கைப்பையோடு போய்விடும். சாப்பாட்டைக் கூடலூரிலேயே முடித்துக்கொண்டால் இந்தத் தொல்லையே இல்லை.

இனி சஃபாரி. ஏறக்குறைய ஒரு மணி நேரம் காட்டுப் பாதையில் போய்த் திரும்பும். இதில் ஏறும்போது "புலி காட்டினா ஐநூறு தர்றேன்" என்று டிரைவர் காதில் சொல்லும் ஆள் எல்லா வண்டியிலும் ஒருவர் இருப்பார். ஒரு காலத்தில் எங்கள் வண்டியில் அது நான். வண்டி வேகமெடுத்தது, ஒரு திருப்பத்தில் கடமான் இரண்டு வாலைத் தூக்கிக்கொண்டு ஓடின, புலியும் வரவில்லை, வேறொன்றும் வரவில்லை. அடுத்த முறை வாயை மூடிக்கொண்டு வந்தேன். ஓட்டுநர் ஓரிடத்தில் என்ஜினை அணைத்தார். முதலில் ஒன்றும் இல்லை. பிறகு மேலே கிளை அசைந்தது. மலையணில், முதுகு கருஞ்சிவப்பு, வால் மட்டும் ஒரு முழ நீளம். கொஞ்ச நேரத்தில் உண்ணிச்செடிப் புதருக்குப் பின்னால் செந்நாய்கள் நான்கு வரிசையாகப் போயின. கைடுக்கும் டிரைவருக்கும் மான்களின் எச்சரிக்கைக் குரல் கேட்கும். நாம் பேசிக்கொண்டே வந்தால் அவர்களுக்கும் கேட்காது. புலி பார்த்தே தீரவேண்டும் என்று வந்தால் பத்தில் ஒன்பது பேர் ஏமாற்றத்தோடுதான் திரும்புவார்கள். 688 சதுர கிலோமீட்டர் காப்பகத்தில் புலி தான் எங்கே இருக்கிறது என்று நமக்குச் சொல்லிவிட்டுப் போவதில்லை.

எல்லோரும் தரையையே பார்ப்பது இன்னொரு தவறு. மசினகுடிக்கும் மாயாற்றுக்கும் இடைப்பட்ட வானத்தை அண்ணாந்து பார்த்தால் பாறு கழுகுகள் (பிணந்தின்னிக் கழுகுகள்) வட்டமிடுவதைக் காணலாம். கால்நடைக்குப் போட்ட டைக்குளோஃபினாக் ஊசி மருந்தால் நாடெங்கும் பெரும்பாலும் அழிந்துபோன பறவை அது. மிஞ்சியவை ஆற்றோர நீர்மருது மரங்களில் கூடு கட்டி வாழும் அரிய இடங்களில் இதுவும் ஒன்று. புலி பார்த்த கதையைவிட இதைச் சொன்னால் விஷயம் தெரிந்தவர்கள் அதிகம் பொறாமைப்படுவார்கள். ஒரு சாதாரண பைனாகுலர் போதும்.

தெப்பக்காட்டு யானைகள் முகாமைப் போகிற போக்கில் ஐந்து நிமிடத்தில் பார்த்துவிடுகிறவர்களும் உண்டு. உணவு கொடுக்கும் நேரத்தில்தான் போகவேண்டும். ஒவ்வொரு யானைக்கும் அளவு வேறு. ராகி, கொள்ளு, சோறு, வெல்லம் எல்லாம் சேர்த்துத் தேங்காயைவிடப் பெரிய கவளமாகப் பிடித்து, பாகன் கையை வாய்க்குள்ளேயே விட்டு வைப்பார். யானை தும்பிக்கையைத் தூக்கிக்கொண்டு சின்னப் பிள்ளை மாதிரி காத்திருக்கும். இது கோயில் யானை இல்லை. பக்கத்தில் போய்த் தொடவோ ஆசி வாங்கவோ கேட்காதீர்கள்.

சில்லறை விஷயங்கள். நீலகிரிக்குள் வர 2024 மே மாதத்திலிருந்து வெளிமாவட்ட வண்டிகளுக்கு இ-பாஸ் வேண்டும். மைசூரிலிருந்து பந்திப்பூர் வழியாக வருகிறவர்கள் இதை மறந்து கக்கநல்லா சோதனைச்சாவடியில் மாட்டிக்கொள்கிறார்கள். பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டிலையும் பிடுங்கிக்கொள்வார்கள், ஸ்டீல் பாட்டில் எடுத்துக்கொள்ளுங்கள். ஊட்டிக் குளிருக்குப் போட்ட ஸ்வெட்டர் மசினகுடியில் வேர்க்கும், கழற்ற வசதியாக உடுத்துங்கள். வளைவுகளில் வாந்தி எடுக்கும் பிள்ளைக்கு முன்சீட்டைக் கொடுங்கள்.

திரும்பும் நேரத்தைத்தான் யாரும் கணக்கில் எடுப்பதில்லை. முகாமில் மாலைத் தீனி முடிந்து, மசினகுடியில் டீ குடித்து, கல்லட்டி அடிவாரத்துக்கு வரும்போது இருட்டிவிடும். மைசூரு சாலையில் இரவு 9 முதல் காலை 6 வரை நம்மைப் போன்றவர்களின் வண்டிகளுக்கு அனுமதியே கிடையாது. கல்லட்டியில் மேலே போகப்போக மூடுபனி வேறு. ஹைபீம் போட்டால் வெள்ளைச் சுவர்தான் தெரியும், லோபீமில் சாலையோரக் கோட்டைப் பிடித்துக்கொண்டு ஏறவேண்டும். போன தடவை எங்கள் டிரைவர் அண்ணன் முகாமில் பாதியிலேயே எங்களைக் கிளப்பிவிட்டார். எல்லோரும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு ஏறினோம். பாதி மலையில் ஒரு வளைவில் வேகத்தைக் குறைத்து, ஒன்றும் பேசாமல் விரலை மட்டும் நீட்டினார். மேட்டுப் புல்லில், அந்தி வெளிச்சத்தில், காட்டுமாடு ஏழு எட்டு மேய்ந்துகொண்டிருந்தன. கால் முட்டிக்குக் கீழே எல்லாவற்றுக்கும் வெள்ளை, சாக்ஸ் போட்ட மாதிரி. இருட்டிய பிறகு வந்திருந்தால் ஹெட்லைட்டில் பனி மட்டும்தான் தெரிந்திருக்கும்.