படமில்லாத நடிகைக்கு மொட்டை மாடியில் ஒரு மாலை

ராயபுரத்திலோ தண்டையார்பேட்டையிலோ உங்கள் கேரம் மன்றத்தின் மொட்டை மாடியில், இந்தியத் திரையின் முதல் நடிகைகளுக்காக ஒரு மாலை நடத்த விரும்பினால், தொடக்கத்திலேயே ஒரு சிக்கல் இருக்கிறது. இந்திய ஊமைப்பட முன்னோடியான இயக்குநர் பால்கே 1913ஆம் ஆண்டில் எடுத்த ‘மோகினி பஸ்மாசுர்’ படத்தில் துர்காபாய் காமத் பார்வதியாகவும், அவருடைய மகள் கமலாபாய் மோகினியாகவும் நடித்தார்கள். அந்தப் படம் இன்று இல்லை. இணையத்தில் அகப்படும் ஏதோ ஒரு பழைய புகைப்படத்தைக் கமலாபாய் என்று காட்டி ஒப்பேற்றுவதைவிட, அந்த இன்மையையே நிகழ்ச்சியாக்குவது நல்லது.

திரையிடுவதற்குப் பால்கேயின் ‘காளிய மர்தன்’ (1919) இருக்கிறது. அதில் கிருஷ்ணனாக நடித்தவர் அவருடைய ஏழு வயது மகள் மந்தாகினி.

திரைக்கு எட்டு முழ வேட்டி போதும். ஆனால் அதன் கீழ்விளிம்பை ஒரு மூங்கிலில் சுற்றிக் கட்டுங்கள். நாங்கள் முதன்முறை மேல்முனைகளை மட்டும் கட்டியிருந்தோம். கடற்காற்றில் காளியனோடு கிருஷ்ணனும் சேர்ந்து நெளிந்தார். ஊமைப்படங்கள் பெரும்பாலும் வினாடிக்கு 16 முதல் 18 சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்ற அளவில் எடுக்கப்பட்டவை என்பதால், 24 சட்டங்களாக ஓடும் பிரதியில் எல்லாரும் குடுகுடுவென்று ஓடுவார்கள். அப்படித் தெரிந்தால் ஓட்டத்தை 0.75 மடங்காகக் குறையுங்கள். காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டைகளைத் தமிழில் சொல்ல, குரல் கனத்த ஒருவரைத் திரையருகே நிறுத்துங்கள். சென்னையின் திரையரங்க முன்னோடி ரகுபதி வெங்கையா தங்கசாலையில் கட்டிய கிரௌன் போன்ற கொட்டகைகளின் காலத்தில் இப்படிக் கதை சொல்பவர்கள் இருந்தார்கள்.

படத்துக்கு முன்னால் பத்து நிமிடம் பேச வேண்டும். அதே 1913இல் வெளிவந்த ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் அரிச்சந்திரனின் மனைவி தாராமதியாக நடித்தவர், உணவு விடுதியில் வேலை பார்த்த சாளுங்கே என்ற ஆண் என்பதிலிருந்து தொடங்குங்கள். நடிக்கப் பெண்களைத் தேடிய பால்கே தாசிகளைக்கூடக் கேட்டுப் பார்த்தும் பலன் கிடைக்காத காலம் அது. கணவரைப் பிரிந்து, மகளோடு ஊர் ஊராகச் செல்லும் நாடகக் குழுவில் பிழைத்துவந்த துர்காபாய் அப்போதுதான் வருகிறார். அவரை வீராங்கனை என்று மேடைத்தமிழில் புகழத் தேவையில்லை. பிழைப்புக்காக எடுத்த முடிவு என்று சொன்னாலே நம் பகுதிப் பெண்களுக்குப் புரிந்துவிடும்.

பேச்சு முடிந்ததும் படத்தைப் போடாமல், புரொஜக்டரின் வெறும் வெளிச்சத்தை மட்டும் வேட்டியில் விழச் செய்யுங்கள். பரதம் பயிலும் சிறுமி ஒருத்தி அந்த வெளிச்சத்தில் நின்று மோகினியாக ஆடட்டும். பஸ்மாசுரனை மயக்கி அவனே தன் தலையில் கைவைக்கும்படி செய்த அந்த முத்திரை, நிழலாக மட்டும் திரையில் எழ வேண்டும். கை தலையைத் தொட்டதும் வெளிச்சத்தை அணைத்துவிட்டுப் படத்தைத் தொடங்குங்கள். ‘காளிய மர்தன்’ மந்தாகினியின் முகபாவங்களோடு ஆரம்பிக்கிறது. ஒவ்வொரு உணர்ச்சியாக அந்தக் குழந்தை முகத்தில் மாறிவரும் அந்தச் சில நிமிடங்கள் மட்டும் கதை சொல்பவர் வாய் திறக்கக் கூடாது.