டர்பனில் அரசு ஊழியருக்குப் பதவி உயர்வு மறுக்கப்பட்டால்

தென்னாப்பிரிக்காவின் டர்பனில், சேட்ஸ்வர்த் பகுதிப் பள்ளி ஆசிரியரோ மருத்துவமனை எழுத்தரோ, பதவி உயர்வு மறுக்கப்பட்டதும் முதலில் எடுத்துப் பார்க்க வேண்டியது அப்பதவிக்கான விளம்பரத்தைத்தான். அதில் கேட்ட கல்வித் தகுதியும் அனுபவமும் தமக்கு இருந்தனவா, தெரிவானவருக்கு இருந்தனவா என்பதிலேயே வழக்கின் உயிர் இருக்கிறது. பதவி உயர்வு எவருக்கும் உரிமையன்று, நியாயமாகப் பரிசீலிக்கப்படுவதே உரிமை என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்; பணிமூப்பு மட்டும் போதாது.

தேர்வுக் குழுவின் மதிப்பெண் பட்டியலையும் பரிந்துரையையும், 2000ஆம் ஆண்டின் தகவல் அணுகல் சட்டத்தின்கீழ் எழுத்து மூலம் கேளுங்கள்.

1995ஆம் ஆண்டின் தொழிலாளர் உறவுச் சட்டம், பிரிவு 186(2), பதவி உயர்வில் காட்டப்படும் அநியாயத்தை முறையற்ற தொழில் நடைமுறை என்கிறது. முடிவு நடந்த அல்லது தெரியவந்த 90 நாள்களுக்குள் உங்கள் துறைக்குரிய பேரப்பேச்சு மன்றத்தில் (நிர்வாகமும் தொழிற்சங்கங்களும் சேர்ந்த, தகராறுகளைத் தீர்க்கும் அமைப்பு) மனுச் செய்ய வேண்டும். துறைக்குள் கொடுத்த முறையீட்டுக்குப் பதில் வரட்டும் என்று காத்திருந்து நாளைக் கோட்டைவிடாதீர்கள். தாமதமானால், தக்க காரணம் காட்டி, அத்தாமதத்தைப் பொறுத்து மனுவை ஏற்கும்படி கோரலாம். முதலில் சமரசப் பேச்சு, அது முறிந்தால் நடுவர் விசாரணை. அப்பதவியையே கோருவதானால் நியமிக்கப்பட்டவரையும் தரப்பினராகச் சேர்க்க வேண்டும். இழப்பீடு மட்டுமெனில், அது 12 மாத ஊதியத்தைத் தாண்டாது.