அதிர்ச்சியும் பதற்றமும் வலியும்: உடலைப் படிப்பதில் நாம் செய்யும் தவறுகள்

"எல்லாப் பரிசோதனைகளும் சரியாக இருக்கின்றன, உங்களுக்கு ஒன்றுமில்லை" என்று சொல்லப்பட்டு, அதே நெஞ்சுப் படபடப்போடும் அதே முதுகுவலியோடும் வீடு திரும்புகிறவர்கள் ஏராளம். ஆபத்தான நோய் இல்லை என்பது நல்ல செய்திதான். ஆனால் கேட்பவர் காதில் அது "நீங்கள் சொல்வது பொய்" என்று விழுகிறது. வீட்டில் இருப்பவர்களும் "எல்லாம் மனப்பிரமை" என்று முடித்துவிடுகிறார்கள். மனத்தில் தொடங்கியது உடலில் உண்மையாக இருக்க முடியாது என்று நினைப்பதுதான் நாம் செய்யும் முதல் தவறு. மற்ற தவறுகளில் பெரும்பாலானவை இதிலிருந்தே கிளைக்கின்றன.

ஆபத்து என்று மூளை முடிவு செய்த சில நொடிகளில், சிறுநீரகங்களின் மேல் தொப்பிபோல் அமர்ந்திருக்கும் அட்ரினல் சுரப்பிகள் அட்ரினலினை இரத்தத்தில் கலக்கின்றன. சில நிமிடங்களில் கார்டிசால் என்னும் மற்றொரு ஹார்மோனும் உயர்கிறது. இதயம் வேகமாகத் துடிக்கிறது, தசைகள் இறுகுகின்றன, செரிமானத்துக்குச் செல்லும் இரத்தம் குறைந்து கை கால் தசைகளுக்குத் திருப்பிவிடப்படுகிறது. போராடு அல்லது தப்பி ஓடு என்னும் இந்த ஆயத்த நிலையை அமெரிக்க உடலியங்கியல் அறிஞர் வால்டர் கேனன் 1915-ஆம் ஆண்டிலேயே விளக்கிவிட்டார். "வயிற்றில் புளியைக் கரைக்கிறது" என்று நாம் சொல்வதை வெறும் அணியாகக் கொள்ள வேண்டியதில்லை. குடலில் அப்போது உண்மையிலேயே மாற்றம் நடக்கிறது. ஆபத்து வெளியில் இருந்தாலும் நினைவில் மட்டும் இருந்தாலும் உடல் ஏறத்தாழ ஒரே விதமாகத்தான் நடந்துகொள்கிறது. ஆகவே பதற்றத்தால் வரும் மார்பு இறுக்கத்தில் பொய் எதுவும் இல்லை. வலி பற்றிய ஆய்வுக்கான உலக அமைப்பு 2020-இல் வலியின் வரையறையைத் திருத்தியபோது, ஒருவர் தமக்கு வலிக்கிறது என்று சொன்னால் அதை மதிக்க வேண்டும் என்பதையும் விளக்கக் குறிப்பில் சேர்த்தது.

இதற்கு நேர் எதிர்த்திசையில் நிற்கும் தவறு ஒன்று உண்டு: எவ்வளவு வலிக்கிறதோ அவ்வளவு சேதம் ஆகியிருக்கிறது என்று நம்புவது. இதைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும், ஏனென்றால் படித்தவர்களும் மருத்துவத் துறையில் இருப்பவர்களும்கூட இதில் சறுக்குகிறார்கள். 1995-இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் ஒரு நிகழ்வு பதிவானது. 29 வயதுக் கட்டடத் தொழிலாளி ஒருவர் மேலிருந்து குதித்தபோது 15 சென்டிமீட்டர் நீள ஆணி ஒன்று அவருடைய காலணியைத் துளைத்து மேலே வந்தது. ஆணி இம்மி அசைந்தாலும் அவரால் தாங்க முடியவில்லை. வலுவான வலிநீக்கியும் மயக்க மருந்தும் கொடுத்து ஆணியை உருவிய பிறகு காலணியைக் கழற்றிப் பார்த்தால், ஆணி விரல்களுக்கு இடையே புகுந்து வெளியே வந்திருந்தது. பாதத்தில் ஒரு கீறல்கூட இல்லை. அவர் நடிக்கவில்லை. கண் கண்டதை வைத்து மூளை ஆபத்தைக் கணித்தது, அந்தக் கணிப்புக்கு ஏற்ற வலியையும் உண்டாக்கியது. இதன் மறுபக்கத்தை இரண்டாம் உலகப் போரின் இத்தாலியக் களத்தில் ஹென்றி பீச்சர் என்ற மருத்துவர் கண்டார். படுகாயமடைந்த வீரர்களில் ஏறத்தாழ முக்கால்வாசிப் பேர், வலிமருந்து வேண்டுமா என்று கேட்டபோது வேண்டாம் என்றதை அவர் 1946-இல் எழுதினார். அந்த வீரர்களுக்குக் காயம் என்பது போர்முனையை விட்டு உயிரோடு வெளியேறும் வாய்ப்பாகவும் இருந்தது என்பதே அவர் தந்த விளக்கம்.

ஸ்கேன் அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு கலங்குகிறவர்களுக்கு இது முக்கியம். முதுகுவலியே இல்லாதவர்களின் முதுகெலும்புப் படங்களைத் தொகுத்து 2015-இல் வெளியான ஆய்வு ஒன்றில், 20 வயதினரிலேயே 37 விழுக்காட்டினருக்கும் 80 வயதினரில் 96 விழுக்காட்டினருக்கும் முதுகெலும்புகளுக்கு இடையே மெத்தைபோல் இருக்கும் வட்டுகளில் (டிஸ்க்) தேய்மானம் காணப்பட்டது. தேய்மானம் என்ற சொல்லைக் கேட்ட நாள் முதல் குனியப் பயந்து, தூக்கப் பயந்து, நடையையும் சுருக்கிக்கொள்கிறவரின் தசைகள் தளர்கின்றன. நரம்பு மண்டலமோ ஒவ்வோர் அசைவையும் ஆபத்தாகப் பழகிக்கொள்கிறது. சாதாரண முதுகுவலிக்குப் படுக்கையில் ஓய்வெடுப்பதைவிட, இயன்ற அளவு நடமாடுவதே நல்லது என்பது இப்போது மருத்துவத்தில் பரவலாக ஏற்கப்பட்ட முடிவு. மூன்று மாதங்களுக்கு மேல் நீடிக்கும் வலியில், முதலில் பட்ட காயம் ஆறிய பிறகும், தண்டுவடத்திலும் மூளையிலும் உள்ள வலிப்பாதைகள் கூர்மையாகியே இருக்கலாம். மெல்லிய தொடுதல்கூட அப்போது வலிக்கும். இப்படிப்பட்டவர்கள் வலி குறைந்த நாளில் தேங்கிய வேலை அனைத்தையும் இழுத்துப் போட்டுச் செய்துவிட்டு அடுத்த மூன்று நாள் எழ முடியாமல் கிடப்பதும் ஒரு தவறுதான். நல்ல நாளோ கெட்ட நாளோ, பத்து நிமிடம் என்றால் பத்து நிமிடம் என்று அளவோடு தொடங்கி மெல்லக் கூட்டுவதே பலன் தரும்.

பதற்றத்தில் நடக்கும் தவறு பெரும்பாலும் மூச்சில் நடக்கிறது. நள்ளிரவில் திடுக்கிட்டு எழுந்து மார்பைப் பிடித்தபடி உட்கார்ந்திருக்கும் ஒருவரை எண்ணிப் பாருங்கள். காற்றுப் போதவில்லை என்று தோன்றுகிறது, வாயைத் திறந்து பெரிது பெரிதாக இழுக்கிறார். அருகில் இருப்பவரும் "நன்றாக இழுத்து விடு" என்கிறார். உண்மையில் அவருக்கு ஆக்சிஜன் குறையவில்லை, கரியமில வாயுதான் அளவுக்கு மேல் வெளியேறுகிறது. அது குறையக் குறைய மூளைக்குச் செல்லும் இரத்தக் குழாய்கள் சுருங்கித் தலை கிறுகிறுக்கிறது, உதட்டைச் சுற்றியும் விரல் நுனிகளிலும் மரமரக்கிறது. அந்த மரமரப்பைப் பார்த்து அவர் மேலும் பயந்து மேலும் இழுக்கிறார். இழுப்பதைச் சிறிதாக்கி, விடுவதை நீளமாக்குவதே இங்கே வழி. காகிதப் பைக்குள் மூச்சு விடச் சொல்லும் பழைய முறையைக் கைவிட வேண்டும்; வந்திருப்பது மாரடைப்போ ஆஸ்துமாவோ என்றால் அது உயிருக்கே ஆபத்தாகும். பீதி பொதுவாகப் பத்து நிமிடங்களுக்குள் உச்சத்தைத் தொட்டுத் தணியத் தொடங்கும் என்பதை முன்னதாகவே தெரிந்து வைத்திருப்பவருக்கு அந்தப் பத்து நிமிடத்தைக் கடப்பது எளிது. பீதி வந்த இடங்களையெல்லாம் தவிர்க்கத் தொடங்கினால், அந்த இடங்கள் ஆபத்தானவையே என்று மூளை உறுதி செய்துகொள்ளும். நாடியை ஓயாமல் தொட்டுப் பார்ப்பதும் அதே வேலையைத்தான் செய்கிறது.

பேரதிர்ச்சிக்கு ஆளானவர்களிடம் நாம் நடந்துகொள்ளும் விதம் எனக்கு எப்போதும் வருத்தம் தருவது. "ஏன் கத்தவில்லை, ஏன் ஓடவில்லை?" என்று கேட்கிறோம். போராடுவதும் ஓடுவதும் மட்டுமல்ல, உறைந்துபோவதும் உடலின் தற்காப்புதான். அது அவர் எடுத்த முடிவு அல்ல. பாலியல் வன்கொடுமைக்கு ஆளாகி ஸ்டாக்ஹோமில் உள்ள அவசர சிகிச்சை மையத்துக்கு வந்த 298 பெண்களிடம் நடந்த ஆய்வில் 70 விழுக்காட்டினர், அந்த வேளையில் குறிப்பிடத்தக்க அளவு உடல் செயலிழந்து உறைந்ததாகத் தெரிவித்தார்கள் என்று 2017-இல் வெளியானது. அடுத்ததாக, "மனத்தில் உள்ளதையெல்லாம் கொட்டிவிடு, பாரம் குறையும்" என்று நடந்ததை உடனே விவரிக்க வற்புறுத்துகிறோம். அதிர்ச்சி நடந்த கையோடு ஒரே அமர்வில் அனைத்தையும் பேச வைக்கும் முறை பிற்காலப் பாதிப்பைத் தடுக்கவில்லை என்பதும், சிலருக்குக் கெடுதலாகவும் முடியலாம் என்பதும் ஆய்வுகளில் தெரிந்துவிட்டது. முதல் சில நாட்களில் பாதுகாப்பான இடமும், உணவும், உறக்கமும், அவர் பேச விரும்பினால் குறுக்கிடாமல் கேட்கும் ஒருவரும் இருந்தால் பெரும்பாலானோர் மெல்ல மீள்கிறார்கள். கெட்ட கனவுகளும், திடுக்கிடலும், நடந்தது மீண்டும் கண்முன் ஓடுவதும் ஒரு மாதத்தைத் தாண்டியும் குறையாவிட்டால் மனநல மருத்துவரைப் பார்க்க வேண்டும். உறக்கத்துக்காக மதுவை நாடுவது மட்டும் கூடவே கூடாது. அது இரவின் பிற்பகுதியில் உறக்கத்தைக் கலைத்து மறுநாள் பதற்றத்தைக் கூட்டிவிடும்.

இவ்வளவையும் படித்துவிட்டு எல்லா அறிகுறியையும் பதற்றத்தின் கணக்கில் எழுதிவிடுவதும் பெரிய தவறு. ஏற்கெனவே பதற்றம் உள்ளவர் என்று குறிக்கப்பட்டவருக்கும் மாரடைப்பு வரும். நடக்கும்போது வந்து, நடையை நிறுத்தினால் தணியும் நெஞ்சுவலி, கைக்கோ தாடைக்கோ பரவும் வலி, திடீரென ஒரு பக்கம் செயலிழப்பது, முதுகுவலியோடு கால் வலுவிழப்பது அல்லது சிறுநீர், மலம் கட்டுப்பாடு இழப்பது, காரணமின்றி எடை குறைவது ஆகியவற்றை மருத்துவர் பார்த்தே தீர வேண்டும்; நெஞ்சுவலி தணியாமல் நீடித்தாலும், செயலிழப்போ கட்டுப்பாட்டு இழப்போ திடீரென வந்தாலும், ஒரு மணி நேரம்கூடக் காத்திருக்கக் கூடாது. மருத்துவரிடம் செல்லும்போது வலி எப்போது தொடங்கியது, எதனால் கூடுகிறது, எதனால் குறைகிறது என்பதோடு, அந்த நாட்களில் வாழ்க்கையில் என்ன நடந்துகொண்டிருந்தது என்பதையும் ஒரு தாளில் எழுதி எடுத்துச் செல்லுங்கள்.