டேப்பில் கேம் பாதியில் மூடிக்கொண்டால் செய்யக் கூடாதவை

கொரோனா காலத்தில் ஆன்லைன் வகுப்புக்காக வாங்கிய டேப் அது. 2 ஜிபி ரேம் (ஓடிக்கொண்டிருக்கும் ஆப்கள் தங்கும் தற்காலிக நினைவகம்), 32 ஜிபி ஸ்டோரேஜ் (கோப்புகளைச் சேமிக்கும் இடம்). பள்ளிக்கூடம் திறந்ததும் அது அக்கா மகனின் விளையாட்டுச் சாமானாகிவிட்டது. ஒரு மே விடுமுறையில் ஊருக்குப் போனபோது, "மாமா, மேட்ச் ஆரம்பிக்கறப்பவே வெளிய தள்ளிடுது" என்று கொண்டுவந்து நீட்டினான். இதுவரை என்னென்ன செய்து பார்த்தாய் என்று முதலில் கேட்டேன். பக்கத்து வீட்டு அண்ணன் ஏதோ வீடியோவைப் பார்த்துவிட்டு 'கிளியர் டேட்டா' கொடுத்திருக்கிறார். இவன் விளையாடியது கெஸ்ட் கணக்கில், அதாவது எந்த மெயிலோடும் இணைக்காமல். இரண்டு வருஷமாகச் சேர்த்ததெல்லாம் அதோடு போய்விட்டது. கோளாறு மட்டும் அப்படியே இருந்தது. ஸ்டோரேஜில் 400 எம்பிதான் மிச்சம் இருந்தது என்பதுதான் உண்மையான காரணம்.

அன்றிலிருந்து யார் டேப்பைக் கொண்டுவந்தாலும், என்ன செய்யலாம் என்பதற்கு முன்னால் எதையெல்லாம் செய்யக் கூடாது என்றுதான் சொல்லி வருகிறேன். கேம் மூடிக்கொள்வதால் ஒரு மேட்ச் போகும். அவசரத்தில் செய்யும் வைத்தியத்தால் மொத்தமும் போகும்.

எப்படி மூடியது என்று பார்க்காமலே கை வைப்பது

'கிராஷ் ஆகுது' என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடுகிறோம். அதற்குள் மூன்று வேறு வேறு நோய்கள் இருக்கின்றன.

ஒன்று, எந்தச் செய்தியும் வராமல் திரை சட்டென்று ஹோம் ஸ்கிரீனுக்குப் போவது. இதற்குப் பெரும்பாலும் ரேம் பற்றாக்குறைதான் காரணம். ரேம் தீரும்போது ஆண்ட்ராய்டு பின்னணியில் இருக்கும் ஆப்களை ஒவ்வொன்றாக மூடிக்கொண்டே வரும். கண்முன் ஓடும் ஆப்பைக் கடைசியாகத்தான் தொடும். அப்படியிருந்தும் கேமே மூடப்படுகிறதென்றால், மூட வேறு எதுவும் மிச்சமில்லை என்று அர்த்தம். 2 ஜிபி டேப்பில் ஆண்ட்ராய்டும் கூகுள் சேவைகளும் எடுத்துக்கொண்டது போக, கேமுக்கு ஒரு ஜிபிகூடத் தேறாது.

இரண்டாவது, ஆப் நின்றுவிட்டது என்று ஒரு பெட்டி வருவது. இது கேமுக்குள் நடந்த பிழை: கோப்பு கெட்டிருக்கலாம், அப்டேட் சரியில்லாமல் இருக்கலாம், கிராஃபிக்ஸ் டிரைவரோடு (படம் வரையும் சிப்பை இயக்கும் மென்பொருள்) ஒத்துப்போகாமல் இருக்கலாம். புதிய ஆண்ட்ராய்டுகளில் இந்தப் பெட்டி எல்லா நேரமும் வருவதில்லை. அதனால் முதல் வகையையும் இதையும் குழப்பிக்கொள்ள வாய்ப்புண்டு. செட்டிங்ஸில் பில்டு நம்பரை ஏழு முறை தட்டினால் டெவலப்பர் ஆப்ஷன்ஸ் திறக்கும். அதில் கிராஷ் செய்தியை எப்போதும் காட்டு என்று ஒரு வசதி இருந்தால் அதை மட்டும் ஆன் செய்துவிட்டு விளையாடிப் பாருங்கள். பெட்டி வந்தால் கேம் பிழை, வராவிட்டால் அனேகமாக ரேம்.

மூன்றாவது, டேப்பே அணைந்து போவது அல்லது ரீஸ்டார்ட் ஆவது. இதில் கேமைக் குற்றம் சொல்ல எதுவும் இல்லை. சூட்டையும் பேட்டரியையும்தான் பார்க்க வேண்டும். பழைய பேட்டரி 30 சதவீதம் காட்டிக்கொண்டிருக்கும்போதே, கேம் திடீரென்று கூடுதல் மின்சாரம் இழுத்தால் மின்னழுத்தம் சரிந்து டேப் அணைந்துவிடும். கேமை நூறு முறை நீக்கிப் போட்டாலும் இது தீராது.

எப்போது மூடுகிறது என்பதும் துப்புதான். திறந்த உடனேயா, மேப் லோடாகும்போதா, இருபது நிமிஷம் ஆடிய பிறகா? திறந்ததும் போனால் கோப்புக் கோளாறு அல்லது ஆண்ட்ராய்டோடு பொருத்தமின்மை. லோடாகும்போது போனால் ரேம் அல்லது இடம். ஆடி ஆடிக் கடைசியில் போனால் சூடு. இரண்டு மூன்று தடவை மூடும் வரை பொறுமையாகப் பார்த்து ஒரு தாளில் எழுதி வையுங்கள்.

கிளியர் கேச்சும் கிளியர் டேட்டாவும் ஒன்றென்று நினைப்பது

இதைச் சுருக்கிச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. இரண்டு பட்டன்களும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும். கேச் என்பது தற்காலிகக் கோப்புகள். அழித்தால் ஆப் மறுபடி உண்டாக்கிக்கொள்ளும், ஒன்றும் கெடாது. டேட்டா என்பது அந்த ஆப் உங்கள் டேப்பில் வைத்திருக்கும் எல்லாம். அதை அழித்தால் ஆப் அன்றுதான் நிறுவியது போலாகிவிடும். அன்இன்ஸ்டால் செய்வதும் அதே விளைவைத்தான் தரும்.

எந்த கேம் எங்கே சேமிக்கிறது என்பதைத் தெரிந்துகொண்டு தொட வேண்டும். ரோப்லாக்ஸில் கணக்கும் வாங்கியவையும் நிறுவனத்தின் சர்வரில் இருக்கின்றன. பெயரும் பாஸ்வேர்டும் நினைவிருந்தால் நீக்கிப் போடுவதில் ஆபத்தில்லை. மைன்கிராஃப்டில் பிள்ளைகள் கட்டிய உலகங்கள் டேப்பிலேயே இருக்கின்றன. ஆப்பை நீக்கினால் அவர்கள் மாதக்கணக்கில் கட்டிய வீடும் கோட்டையும் போய்விடும். நீக்குவதற்கு முன் ஒவ்வொரு உலகத்தின் செட்டிங்ஸிலும் போய் எக்ஸ்போர்ட் கொடுத்து, அந்தக் கோப்பை கூகுள் டிரைவிலோ வேறொரு போனிலோ போட்டு வையுங்கள். கெஸ்ட் கணக்கில் ஆடும் கேம் எதுவானாலும், முதல் வேலையாக அதை கூகுள் கணக்கோடோ ஃபேஸ்புக் கணக்கோடோ இணையுங்கள். கேம் ஒரு நிமிஷம் திறந்திருந்தால்கூட இதைச் செய்துவிடலாம்.

ஃபேக்டரி ரீசெட் இதைவிட மோசம். போட்டோ, பாட நோட்டு எல்லாவற்றையும் அழித்துவிட்டு, டேப்பில் முன்பிருந்த கூகுள் கணக்கின் பாஸ்வேர்டைக் கேட்கலாம். பட்டன்களை அழுத்திப் பிடித்துத் திறக்கும் ரெகவரி மெனு வழியாக ரீசெட் செய்தால் இந்தப் பூட்டிலிருந்து தப்ப முடியாது. திருட்டைத் தடுக்க ஆண்ட்ராய்டு 5.1 காலத்திலிருந்து இருக்கும் ஏற்பாடு இது. யாரோ கடைக்காரர் போட்டுக் கொடுத்த கணக்கு, செகண்ட் ஹேண்டில் வாங்கிய டேப், மறந்துபோன பாஸ்வேர்டு என்றால் வீட்டில் இருப்பது ஒரு கண்ணாடிப் பலகைதான். கேம் மூடிக்கொள்கிறது என்பதற்காக மட்டும் யாரையும் ரீசெட் செய்யச் சொல்ல மாட்டேன்.

2021 மார்ச்சில் நடந்ததை இங்கே சொல்ல வேண்டும். உலகம் முழுக்க ஆண்ட்ராய்டு போன்களில் ஜிமெயில் உட்பட ஏராளமான ஆப்கள் திறந்ததும் மூடிக்கொண்டன. ஆப்களுக்குள் இணையப் பக்கங்களைக் காட்ட உதவும் 'ஆண்ட்ராய்டு சிஸ்டம் வெப்வியூ' என்ற பகுதியின் கோளாறு அது. அதையும் குரோமையும் அப்டேட் செய்யும்படி கூகுள் சொன்னது, அதோடு சரியாகிவிட்டது. பல ஆப்கள் ஒரே நாளில் மூட ஆரம்பித்தால் கேமைத் தொடாமல், பிளே ஸ்டோரில் இந்த இரண்டையும் முதலில் பாருங்கள்.

ரேமைக் கூட்டுகிறேன் என்று சொல்லும் ஆப்கள்

பூஸ்டர், கிளீனர் ஆப்கள் எதுவுமே வேண்டாம். அவையே பின்னணியில் உட்கார்ந்து ரேமைத் தின்கின்றன. விளம்பரமும் காட்டுகின்றன. அவை மூடிய ஆப்களில் பல அடுத்த நிமிஷமே திரும்ப எழுந்துகொள்ளும். எழுந்துகொள்ள பிராசஸர் வேலை செய்ய வேண்டும். ஆகக் கேமுக்குக் கிடைக்க வேண்டியதுதான் அங்கே செலவாகிறது. டேப்பை ஒரு முறை ரீஸ்டார்ட் செய்து, இரண்டு நிமிஷம் சும்மா விட்டு, பிறகு கேமை மட்டும் திறப்பதால் கிடைக்கும் பலனை எந்த பூஸ்டரும் தந்து நான் பார்த்ததில்லை. ஸ்கிரீன் ரெக்கார்டர், திரைமேல் மிதக்கும் சாட் குமிழிகள் இவற்றையும் நிறுத்திவிடுங்கள்.

அடுத்தது '8 ஜிபி ரேம்' என்ற விளம்பரம். கீழே பொடி எழுத்தில் 4+4 என்றிருக்கும். பின்னால் வரும் 4, ஸ்டோரேஜிலிருந்து கடன் வாங்கியது. விலை குறைந்த டேப்களில் இருக்கும் இஎம்எம்சி 5.1 வகை ஸ்டோரேஜின் உச்ச வேகமே நொடிக்கு 400 எம்பி. உண்மையான ரேம் நொடிக்குப் பல ஜிபி வேகத்தில் ஓடும். மெயில், வாட்ஸாப் போன்றவற்றைப் பின்னணியில் ஒதுக்கி வைக்க இந்தக் கடன் ரேம் உதவலாம். நொடிக்கு முப்பது முறை படம் வரைய வேண்டிய கேமுக்கு உதவாது. ஸ்டோரேஜ் ஏற்கெனவே நிரம்பியிருந்தால் இது அதிலும் இடத்தைப் பிடித்துக்கொள்ளும். நான் என்றால் அதை அணைத்து ஒரு நாள் ஆடிப் பார்ப்பேன்.

போனில் ஓடுகிறதே, டேப்பில் ஏன் ஓடாது என்பது

சிப்பும் ரேமும் ஒன்றாக இருந்தாலும் டேப்பின் வேலை கனமானது. 1600×720 திரையுள்ள போனில் சுமார் 11.5 லட்சம் புள்ளிகள். 1920×1200 திரையுள்ள டேப்பில் 23 லட்சம். ஒவ்வொரு பிரேமிலும் (திரையில் வரையும் ஒவ்வொரு படத்திலும்) சரியாக இரண்டு மடங்கு. ஹீலியோ பி22டி போன்ற சிப்பில் இருக்கும் பவர்விஆர் ஜிஇ8320 கிராஃபிக்ஸ், இதைத் தாங்குவதற்கென்று செய்யப்பட்டதல்ல. அண்ணன் போனில் 'ஹை' வைத்து ஆடுகிறான் என்று டேப்பிலும் 'ஹை' வைப்பது தவறு. கிராஃபிக்ஸை அடிமட்டத்துக்கும் பிரேம் ரேட்டை 30க்கும் இறக்குங்கள். ரோப்லாக்ஸ் என்றால் கிராஃபிக்ஸ் அளவைத் தானியங்கியிலிருந்து மாற்றி நாமே 1 அல்லது 2இல் வைக்கலாம். மைன்கிராஃப்டில் ரெண்டர் டிஸ்டன்ஸை (எவ்வளவு தூரம் வரை வரைந்து காட்டுவது என்பதை) குறைத்தாலே பாதி பிரச்சினை தீரும். கேமில் வல்கன், ஓப்பன்ஜிஎல் என்று படம் வரையும் முறைக்குத் தேர்வு இருந்தால் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மாற்றிப் பாருங்கள். இந்த விலை டேப்களில் கிராஃபிக்ஸ் டிரைவரைத் தனியாக அப்டேட் செய்ய வழியில்லை, சிஸ்டம் அப்டேட்டோடு வந்தால்தான் உண்டு.

இதற்கு நேர் எதிராகச் செய்பவைதான் கேமின் கிராஃபிக்ஸ் அமைப்பை வெளியிலிருந்து மாற்றும் ஜிஎஃப்எக்ஸ் டூல்கள். கேம் தராத 60 பிரேமையும் எச்டிஆரையும் வலுக்கட்டாயமாகத் திணிக்கும். டேப் தாங்காது, சில கேம்களில் கணக்கே தடையாகும். டெவலப்பர் ஆப்ஷன்ஸில் '4எக்ஸ் எம்எஸ்ஏஏ' என்பதை ஆன் செய்தால் கேம் பறக்கும் என்று சொல்பவர்களையும் நம்பாதீர்கள். படத்தின் ஓரங்களை வழவழப்பாக்க கூடுதல் வேலை வாங்கும் வசதி அது. வேகம் குறையத்தான் செய்யும்.

சார்ஜில் போட்டபடி ஆடுவது

பேட்டரி ஏறும்போதும் சூடு, கேம் ஓடும்போதும் சூடு. இரண்டும் ஒரே மெல்லிய உடம்புக்குள். அதற்கு மேல் தடித்த ரப்பர் கவர், அதையும் மெத்தைமேல் வைத்து ஆடுவது. லித்தியம் பேட்டரியை 45 டிகிரிக்கு மேல் சார்ஜ் செய்யக் கூடாது. வேலூரிலோ திருச்சியிலோ மே மாதத்தில் வெயிலே 40 டிகிரி வந்துவிடுகிறது. சூடு ஏறியதும் சிப் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும், கேம் திணறும், மூடும். சார்ஜ் ஏற்றி முடித்து, வயரைக் கழற்றி, கவரையும் கழற்றி, மேசைமேல் ஃபேன் காற்றில் வைத்து ஆடச் சொல்லுங்கள். ஐஸ் பையை ஒற்றுவது, ஃப்ரிட்ஜில் வைப்பது இரண்டும் வேண்டவே வேண்டாம், உள்ளே ஈரம் கோத்துக்கொள்ளும். பின்பக்கம் லேசாக உப்பியிருந்தால் விளையாட்டை அன்றே நிறுத்திவிட்டு சர்வீஸ் கடைக்குக் கொண்டுபோங்கள். அது பேட்டரி வீக்கம், பிள்ளை கையில் இருக்கக் கூடாத பொருள்.

இடமில்லாமல் ஆடுவதும் மெமரி கார்டை நம்புவதும்

32 ஜிபி டேப்பில் சிஸ்டமே பத்துப் பன்னிரண்டு ஜிபியைப் பிடித்திருக்கும். 2 ஜிபி அப்டேட் இறங்கி விரிய அதைவிடக் கூடுதல் இடம் வேண்டும். பாதியில் இடம் தீர்ந்தால் கோப்பு அரைகுறையாக நின்று, திறந்ததும் மூடும் நோய் வரும். நான்கைந்து ஜிபி எப்போதும் காலியாக இருக்கட்டும். முதலில் பார்க்க வேண்டிய இடம் வாட்ஸாப். ஸ்டோரேஜ் பகுதிக்குப் போனால் குடும்பக் குரூப்பின் காலை வணக்க வீடியோக்கள் எத்தனை ஜிபி என்று அதுவே காட்டும்.

கார்டுக்கு கேமை மாற்றுவதாக இருந்தால் ஏ1 அல்லது ஏ2 முத்திரை உள்ளதை வாங்குங்கள். ஏ1 என்றால் நொடிக்குக் குறைந்தது 1500 முறை அங்கங்கே படிக்கும், ஏ2 என்றால் 4000. முத்திரை இல்லாத கார்டு போட்டோவுக்குப் போதும், கேமுக்குப் போதாது. கொள்ளளவைப் பொய்யாகக் காட்டும் போலிக் கார்டுகளும் சந்தையில் உண்டு. நம்ப முடியாத விலையில் 512 ஜிபி கிடைத்தால் வாங்காதீர்கள்.

வெளியிலிருந்து ஏபிகே இறக்குவது

2020 செப்டம்பரில் பப்ஜி மொபைலும் 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயரும் இந்தியாவில் தடைசெய்யப்பட்ட பிறகு, ஏபிகே (ஆண்ட்ராய்டு ஆப்பை நிறுவும் கோப்பு) தளங்களில் தேடும் பழக்கம் பிள்ளைகளிடம் பரவிவிட்டது. கிராஷுக்கு இதுவும் பெரிய காரணம். பிளே ஸ்டோர் உங்கள் டேப்புக்கு ஏற்ற துண்டுகளைத் தேர்ந்து அனுப்புகிறது. வெளியே கிடைக்கும் கோப்பில் ஒரு துண்டு குறைந்தாலே கேம் திறந்ததும் மூடும். சில மலிவு டேப்களில் 64 பிட் சிப் இருந்தும் 32 பிட் ஆண்ட்ராய்டைப் போட்டிருப்பார்கள், அதில் பொருந்தாத பதிப்புகள் அதிகம். வைரஸ் அபாயம் தனி. அப்பாவின் யுபிஐ இருக்கும் சாதனத்தில் இதற்கு இடமே கொடுக்காதீர்கள்.

சேஃப் மோடில் போட்டுப் பார் என்ற ஆலோசனையையும் நிறையப் பேர் சொல்கிறார்கள். சேஃப் மோடில் நாம் இறக்கிய ஆப் எதுவும் ஓடாது, கேமும் ஓடாது. டேப்பே அடிக்கடி ரீஸ்டார்ட் ஆனால் மட்டும் அது உதவும்.

ஒரு நேரத்தில் ஒன்றைத்தான் மாற்ற வேண்டும். ஐந்தை ஒரே மூச்சில் மாற்றிவிட்டு, எது சரிசெய்தது என்று தெரியாமல் அடுத்த வாரம் திரும்ப முழிப்பவர்களே அதிகம்.

அக்கா மகனின் டேப்பில் வாட்ஸாப் வீடியோக்களை அழித்து 6 ஜிபி இடம் பண்ணினேன். அதோடு மேட்ச் ஆரம்பிக்கும்போது மூடுவது நின்றது. கிராஃபிக்ஸை இறக்கி, கவரைக் கழற்றியதும் அரை மணி நேரம் தாங்கியது. அதற்கு மேல் அந்த 2 ஜிபியால் முடியாது. அவன் கேட்ட இன்னொரு புது கேம் அதில் ஓடவே ஓடாது என்பதையும் உட்காரவைத்துச் சொன்னேன், கேட்டுக்கொண்டான். லெவல் ஒன்றிலிருந்து மறுபடி ஆரம்பித்தான். ஆரம்பிக்கும் முன்பே கணக்கை அக்காவின் கூகுள் கணக்கோடு இணைத்து, பாஸ்வேர்டை அவளுடைய ரேஷன் கார்டு வைக்கும் டைரியில் எழுதிவைத்துவிட்டு வந்தேன்.