பாட்டே இல்லாத கார்மெனைப் பார்ப்பது எப்படி?

பிசே இசையமைத்த 'கார்மென்' ஆப்பெராவில் (பாடி நடிக்கும் இசை நாடகம்) ஊறியவர்கள், செசில் பி. டிமில் 1915-ல் எடுத்த மௌனப் படத்தைப் பாதியிலேயே மூடிவிடுவதற்குக் காரணம் ஒன்றுதான்: இந்தக் காட்சியில் இந்தப் பாட்டு வரணுமே என்று காத்துக்கொண்டே பார்ப்பது.

அதனால் முதலில் கார்மென் பாடும் 'ஹபனேரா' பாட்டையும், காளைச் சண்டை அரங்கத்துக்கு வெளியே நடக்கும் கடைசி டூயட்டையும் ஒருமுறை கேட்டு ஆசையைத் தீர்த்துக்கொள்ளுங்கள். அப்புறம் கதை. ஆப்பெரா வசனத்துக்கு உரிமைச் சிக்கல் இருந்ததால், திரைக்கதை எழுதிய இயக்குநரின் அண்ணன் வில்லியம், பிரெஞ்சு எழுத்தாளர் மெரிமே 1845-ல் எழுதிய குறுநாவலைப் பிடித்துக்கொண்டார். ஆகவே கார்மெனிடம் மயங்கும் படைவீரன் ஹோசேயின் ஊர்ப்பெண் மிக்காயேலாவைத் தேடாதீர்கள், அவள் ஆப்பெராக்காரர்கள் சேர்த்த பாத்திரம். இங்கே கார்மென் ஹோசேயை மயக்குவதே கடத்தல்காரர்களுக்கு வழி திறந்துவிடத்தான். எனக்கு இந்தக் கார்மெனைத்தான் கூடுதலாகப் பிடிக்கும்.

இலவசப் பிரதிகள் சிலவற்றில் எல்லோரும் தடதடவென்று ஓடுவார்கள். அன்றைய படங்கள் இன்றைய வினாடிக்கு 24 பிரேமைவிடக் குறைந்த வேகத்தில் எடுக்கப்பட்டவை, எனவே யூடியூபில் வேகத்தை 0.75-க்கு இறக்குங்கள். பின்னணியில் சம்பந்தமில்லாத பியானோ ஓடினால் ஒலியை அணைத்துவிட்டு, 'கார்மென் சூட்' (ஆப்பெராவின் இசையிலிருந்து தொகுத்த வாத்திய இசை) எதையாவது மெல்லிசாக ஓடவிடலாம், தப்பில்லை. 1915 அக்டோபரில் பாஸ்டன் சிம்பொனி ஹாலில் முதலில் திரையிட்டபோதே பிசேயின் இசையை வைத்து ஹ்யூகோ ரீசன்ஃபெல்ட் தொகுத்ததைத்தான் வாசித்தார்கள்.

சரி, எதைப் பார்ப்பது? ஜெரால்டின் ஃபராரை. நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஆப்பெராவில் இதே வேடத்தைப் பாடிய சொப்ரானோ, அதாவது உச்சக்குரல் பாடகி அவர். குரலை எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும் என்ற சந்தேகம், சுருட்டுத் தொழிற்சாலைக் காட்சியில் தீர்ந்துவிடும். அங்கே இன்னொரு தொழிலாளியோடு அவர் போடுவது அசல் குடுமிப்பிடிச் சண்டை, அடி வாங்குபவர் ஜீனி மக்பெர்சன், பிற்பாடு டிமிலுக்கு வரிசையாகத் திரைக்கதை எழுதியவர். அந்தக் காட்சியை மட்டும் இரண்டுமுறை ஓட்டிப் பாருங்கள், இரண்டாவது முறை சுற்றி நிற்கும் பெண்களைக் கவனித்து.

இதைப் பார்த்த கையோடு சாப்ளினின் கார்மென் கேலிப்படத்துக்குப் போங்கள்; டிமில் படம் நினைவில் இருந்தால்தான் கேலி உறைக்கும். ஆனால் இரண்டு ரீல் பிரதியாகத் தேடி எடுங்கள். அவர் எஸ்ஸனே படக் கம்பெனியை விட்டுப் போனபிறகு, அந்தக் கம்பெனி வேறு காட்சிகளைச் சொருகி நான்கு ரீலாக இழுத்தது, சாப்ளின் வழக்குப் போட்டும் நிற்கவில்லை. பொலா நெக்ரி நடித்து 1918-ல் லூபிட்ச் எடுத்ததை வேறொரு நாளைக்கு வைத்துக்கொள்ளலாம்.

தேடா பாரா நடித்த 1915 கார்மென் தொலைந்துபோன படம். அந்தப் பெயரில் யாராவது முழுப்பட இணைப்பு அனுப்பினால், திரையில் இருப்பது ஃபரார்தானா என்று முதலில் பாருங்கள்.