கேமை முதலிலிருந்து ஆரம்பிக்க: பழைய சேவ் ஃபைலைப் பத்திரமாக அழிக்கும் வழி

கையடக்கக் கருவியில் கேமை மறுபடி ஆரம்பிக்கணும், எப்படி என்று கேட்பவர்களில் பாதிப்பேருக்கு உண்மையில் எதையும் அழிக்கவே தேவையில்லை. சிலருக்குக் கடைசியாக சேவ் செய்த இடத்துக்குத் திரும்பினால் போதும். சிலருக்குப் பழைய ஆட்டம் அப்படியே இருக்க, பக்கத்தில் புதிதாக ஒன்று தொடங்க வேண்டும். மிச்சம் இருப்பவர்களுக்குத்தான் பழையதை மொத்தமாகத் துடைக்க வேண்டியிருக்கிறது. முதல் இரண்டில் எதுவும் போகாது, மூன்றாவதில் போனது போனதுதான், அதனால் நீங்கள் இதில் எந்த ரகம் என்று முடிவு செய்துவிட்டு பட்டனில் கை வையுங்கள்.

முதல் ரகம் சுலபம். முக்கியமான சண்டையில் தோற்றுவிட்டீர்கள், அல்லது விடக்கூடாத ஒன்றைக் கோட்டைவிட்டுவிட்டீர்கள், ஆனால் அதற்கு முன்னால் சேவ் செய்திருக்கிறீர்கள் என்றால் சாஃப்ட் ரீசெட் (பவரை அணைக்காமல் பட்டன்களாலேயே கேமை மறுபடி தொடங்குவது) போதும். நின்டெண்டோவின் பழைய கருவிகளான கேம்பாய், கேம்பாய் அட்வான்ஸ் இரண்டிலும் பெரும்பாலான கேம்களுக்கு ஏ, பி, ஸ்டார்ட், செலக்ட் நான்கையும் ஒரே நேரத்தில் அழுத்த வேண்டும். டிஎஸ்ஸில் போகிமான் மாதிரி கேம்களுக்கு எல், ஆர், ஸ்டார்ட், செலக்ட். 3டிஎஸ் போகிமானுக்கு எல், ஆர், ஸ்டார்ட். கேம் டைட்டில் திரைக்குப் போய்விடும், சேவ் ஃபைலை அது தொடாது. எல்லா கேமும் இதற்கு ஒரே மாதிரி நடந்துகொள்ளாது என்பதும் தெரிந்திருக்கட்டும்: கேம்பாயில் 1993-ல் வந்த செல்டா லிங்க்ஸ் அவேக்கனிங்கில் அதே நான்கு பட்டன்கள் ரீசெட் செய்யாமல், சேவ் செய்யும் திரையைத் திறக்கும். பழக்கதோஷத்தில் அங்கே சேவ் கொடுத்தால் எதை மறக்க நினைத்தீர்களோ அதுவே பதிவாகிவிடும்.

எந்தக் கருவியானாலும் 'சேவ் ஆகிறது, அணைக்காதீர்கள்' என்று திரையில் வரும்போது மட்டும் ரீசெட் செய்யாதீர்கள், பவரை அணைக்காதீர்கள், கார்ட்ரிட்ஜைப் பிடுங்காதீர்கள். ரூபி, சஃபையர் காலத்து போகிமான் கேம்கள் இரண்டு இடங்களில் மாற்றி மாற்றி எழுதுவதால், ஒன்று கெட்டாலும் முந்தைய சேவ் ஃபைலிலிருந்து தொடர வாய்ப்பு உண்டு. அதற்கு முந்தைய கேம்பாய் கேம்களில் அந்தப் பாதுகாப்பை எதிர்பார்க்காதீர்கள்.

இனி அழிப்பதற்கு வருவோம். பட்டன் எது என்பதைவிட சேவ் ஃபைல் எங்கே குடியிருக்கிறது என்பது முக்கியம், ஏனென்றால் தவறாகப் போகிற கதைகள் எல்லாம் அதில்தான் ஆரம்பிக்கின்றன. கேம்பாய், அட்வான்ஸ், டிஎஸ் மூன்றிலும் அது கார்ட்ரிட்ஜுக்குள்ளேயே இருக்கிறது. அதனால் கைமாறி வந்த கார்ட்ரிட்ஜில் பழைய சொந்தக்காரரின் ஆட்டமும் சேர்ந்தே வரும் (அழிப்பதற்கு முன் ஒருமுறை 'கன்டினியூ' கொடுத்து உள்ளே எட்டிப்பாருங்கள், யாரோ வருடக்கணக்கில் சேர்த்து வைத்தது இருக்கலாம்). 3டிஎஸ்ஸில் கார்டாக வாங்கியதென்றால் பொதுவாகக் கார்டில், டவுன்லோட் செய்ததென்றால் எஸ்டி கார்டில். ஸ்விட்சில் கதையே வேறு: கேம் கார்டிலும் இல்லை, மைக்ரோ எஸ்டியிலும் இல்லை, கன்சோலின் உள் நினைவகத்தில் இருக்கிறது. கார்டை விற்றாலும் உங்கள் ஆட்டம் உங்களிடமே இருக்கும், மைக்ரோ எஸ்டியை ஃபார்மட் செய்தாலும் அது போகாது.

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது போகிமானில்தான், காரணம் அந்த வரிசையில் ஒரு கார்ட்ரிட்ஜுக்கு ஒரே ஒரு சேவ் ஃபைல்தான். செல்டா மாதிரி மூன்று இடம் கொடுத்து, காப்பி செய்யவும் அழிக்கவும் மெனுவிலேயே வசதி வைத்திருந்தால் இந்தக் கேள்வியே வராது. போகிமானின் மெனுவில் அழிப்பதற்கு எதுவும் இருக்காது, பட்டன் கூட்டணிதான் வழி. ரெட், புளூவிலிருந்து கோல்ட், சில்வர், ரூபி, ஃபயர்ரெட், டயமண்ட், ஹார்ட்கோல்ட், பிளாக், ஒயிட் வரை எல்லாவற்றுக்கும் ஒன்றேதான்: கேமைத் திறந்து டைட்டில் திரை வரும்வரை காத்திருங்கள், கன்டினியூ, நியூ கேம் என்று கேட்கிற மெனுவுக்குப் போய்விடாதீர்கள், டைட்டில் திரையிலேயே திசை பட்டனில் மேல்பக்கம், கூடவே செலக்ட், பி மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். சேவ் செய்த எல்லாவற்றையும் அழிக்கவா என்று கேட்கும், ஆம் என்றால் முடிந்தது. 3டிஎஸ்ஸில் எக்ஸ், ஒய் தொடங்கி சன், மூன் வரை செலக்டுக்குப் பதில் எக்ஸ்: அதாவது மேல், எக்ஸ், பி. ஒன்றும் நடக்கவில்லை என்றால் பெரும்பாலும் விரல்கள் ஒரே நேரத்தில் விழவில்லை என்றுதான் அர்த்தம், விட்டுவிட்டு மறுபடி அழுத்திப் பாருங்கள்.

கோல்ட், சில்வரில் ஒரு கவனம். மேல் பக்கத்துக்குப் பதிலாகக் கீழ்ப் பக்கத்தை செலக்ட், பியுடன் அழுத்தினால் அது கடிகாரத்தை மாற்றும் திரை. அது வந்தால் பயப்பட வேண்டாம், வெளியே வந்துவிடுங்கள்.

அழிக்காமலே நியூ கேம் கொடுத்தால் என்ன ஆகும்? கொடுத்த உடனே பழையது போய்விடாது, அதன் மேல் நீங்கள் சேவ் செய்யும் வரை அது பத்திரமாகவே இருக்கும். சும்மா தொடக்கக் காட்சியைப் பார்க்க ஆசை என்றால் தாராளமாக நியூ கேம் கொடுத்து விளையாடிவிட்டு, சேவ் செய்யாமல் அணைத்துவிடலாம். பழைய கேம்கள் நீங்கள் சேவ் செய்யப் போகும்போது வேறொரு ஆட்டம் இருக்கிறது, அதன் மேல் எழுதவா என்று எச்சரிக்கும். டயமண்ட், பெர்ல் தொடங்கி அந்த வாய்ப்பும் இல்லை, பழைய சேவ் ஃபைல் இருக்கிறவரை புதிய ஆட்டத்தை சேவ் செய்யவே விடாது. இது தெரியாமல் ஒரு மாலை முழுக்க விளையாடிவிட்டு சேவ் செய்ய முடியாமல் விழிப்பதைவிட, முதலிலேயே அழித்துவிட்டு உட்காருவது நல்லது.

சரி, அழிப்பதற்கு முன் காப்பாற்ற வேண்டியது எதையாவது வைத்திருக்கிறீர்களா? ஒரு காலத்தில் நிகழ்ச்சிகளில் மட்டும் கொடுத்த போகிமான்கள், இனி கிடைக்காத மிஸ்டரி கிஃப்ட் பரிசுகள் எல்லாம் சேவ் ஃபைலோடு போய்விடும். பழைய கேம்பாய் கேம்களுக்கு எளிய வழி, இன்னொருவர் கார்ட்ரிட்ஜுக்கு லிங்க் கேபிளில் டிரேட் செய்து வைத்துவிட்டு, புது ஆட்டத்தில் கேபிள் வசதி கிடைத்தபின் திரும்ப வாங்கிக்கொள்வது. அட்வான்ஸ் கேமிலிருந்து டயமண்ட் வரிசைக்குப் பால் பார்க் என்ற வசதி வழியாக அனுப்பலாம், ஆனால் அதற்கு அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ் போடும் இடம் உள்ள பழைய டிஎஸ் அல்லது டிஎஸ் லைட் வேண்டும். டயமண்ட் வரிசையிலிருந்து பிளாக், ஒயிட்டுக்குப் போக இரண்டு கருவிகள் வேண்டும். பிளாக், ஒயிட்டிலிருந்து 3டிஎஸ்ஸின் போகிமான் பேங்க் என்ற ஆன்லைன் சேமிப்பிடத்துக்கு, அங்கிருந்து போகிமான் ஹோமுக்கு. எல்லாமே ஒருவழிப் பாதை. 3டிஎஸ்ஸின் ஆன்லைன் கடையான ஈஷாப் 2023 மார்ச் 27-ல் மூடப்பட்டுவிட்டதால் பேங்க்கை இதுவரை வாங்காதவர்கள் புதிதாக இறக்க முடியாது, அவர்களுக்கு இந்தக் கடைசிப் பாதை அடைபட்டதாகவே வைத்துக்கொள்ளுங்கள்.

இதையெல்லாம்விட உறுதியான வழி சேவ் ஃபைலையே ஒரு நகல் எடுத்து வைப்பது. கேம்பாய், அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ்களைக் கம்ப்யூட்டரில் இணைத்துப் படிக்கும் சிறு கருவிகள் கிடைக்கின்றன, ஜிபிஎக்ஸ்கார்ட் அதில் பிரபலமானது. சேவ் ஃபைலை இறக்கி வைத்துவிட்டு அழித்தால், மனம் மாறினால் திரும்ப எழுதிக்கொள்ளலாம். விலைமதிப்பில்லாதது என்று நினைக்கிற கார்ட்ரிட்ஜ் ஒன்று இருந்தாலே இந்தக் கருவி தேறும் என்பது என் கருத்து.

ஸ்விட்சுக்கு வந்தால், போகிமானிலும் பட்டன் கூட்டணி எதுவும் கிடையாது. சிஸ்டம் செட்டிங்ஸ், அப்புறம் டேட்டா மேனேஜ்மென்ட், அதில் டிலீட் சேவ் டேட்டா. கேமைத் தேர்ந்தெடுத்தால் எந்த யூசருடையது என்று கேட்கும், அந்த இடத்தில் நிதானமாகப் படியுங்கள், 'எல்லா யூசருக்கும்' என்ற தேர்வும் அங்கேயே இருக்கிறது, வீட்டில் மற்றவர்கள் ஆட்டமும் சேர்ந்து போகும். கேமை டிலீட் செய்தாலோ ஆர்க்கைவ் செய்தாலோ சேவ் ஃபைல் போகாது, அதனால் கேமை நீக்கி மறுபடி இறக்கி 'ஏன் பழைய ஆட்டமே வருகிறது' என்று கேட்பதில் பயனில்லை.

ஆனால் நான் சொல்வேன், ஸ்விட்சில் அழிக்கவே வேண்டாம். ஒரு கன்சோலில் 8 யூசர் வரை வைத்துக்கொள்ளலாம், புதிதாக ஒரு யூசர் உருவாக்கி அதில் கேமைத் திறந்தால் முதலிலிருந்து ஆரம்பிக்கும், பழையது பழைய யூசரிடம் அப்படியே இருக்கும். இதற்குப் பெரிய விதிவிலக்கு அனிமல் கிராசிங் நியூ ஹொரைசன்ஸ். ஒரு கன்சோலுக்கு ஒரே தீவு என்பதால் புது யூசர் அதே தீவில் இன்னொரு குடியிருப்பாளராகத்தான் இறங்குவார். முதலில் வந்த பிரதிநிதியை மட்டும் நீக்கவும் முடியாது, தீவே வேண்டாம் என்றால் செட்டிங்ஸில் சேவ் டேட்டாவை அழிக்க வேண்டும், தீவில் உள்ள அத்தனை பேருடைய வீடும் அதோடு போகும். கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

கிளவுட் இருக்கிறதே என்று நம்புகிறவர்கள் ஒன்றைப் பார்த்துக்கொள்ளுங்கள். நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா இருந்தால்தான் அது வேலை செய்யும், எல்லா கேமுக்கும் கிடையாது, போகிமான் ஸ்வோர்ட், ஷீல்ட், ஸ்பிளாட்டூன் 2 போன்றவை அதில் சேராது. சேரும் கேம் என்றால், கன்சோலில் அழித்தாலும் கிளவுடில் உள்ள நகல் இருக்கும், கடைசியாக எந்தத் தேதியில் ஏறியது என்று பார்த்துவிட்டு அழியுங்கள்.

ஸ்விட்சின் பழக்கத்தை மற்ற கருவிகளுக்குக் கொண்டுபோவது ஆபத்து. பிளேஸ்டேஷன் வீட்டாவில் கேமை நீக்கினால் அதன் சேவ் டேட்டாவும் கூடவே போய்விடும். 3டிஎஸ்ஸில் டவுன்லோட் செய்த கேமை நீக்கும்போது சேவ் டேட்டாவை பேக்கப் எடுத்துவிட்டு நீக்கவா என்று கேட்கும், அவசரத்தில் தாண்டிவிடாதீர்கள். இந்த விஷயத்தில் பிஎஸ்பிதான் தங்கம்: யூஎஸ்பியில் இணைத்து மெமரி ஸ்டிக்கில் பிஎஸ்பி என்ற ஃபோல்டருக்குள் சேவ்டேட்டா என்பதைக் கம்ப்யூட்டருக்கு நகலெடுத்துவிடலாம், பிறகு கேம் மெனுவில் சேவ்ட் டேட்டா யுடிலிட்டிக்குப் போய் முக்கோண பட்டனை அழுத்தி டிலீட் கொடுக்கலாம்.

ஸ்டீம் டெக்கில் பிரச்சினை தலைகீழ், அழித்தாலும் திரும்பி வரும். ஃபைலை நீக்கிவிட்டுக் கேமைத் திறந்தால் ஸ்டீம் கிளவுட் பழையதை மறுபடி இறக்கிவிடும். அந்த கேமின் பிராப்பர்ட்டீஸில் கிளவுடை அணைத்துவிட்டு, ஃபைலை அழிக்காமல் வேறு இடத்துக்கு நகர்த்தி வைத்துவிட்டு ஆரம்பியுங்கள். எமுலேட்டர் (பழைய கருவிகளின் கேம்களை வேறு கருவியில் ஓட்டும் மென்பொருள்) போட்ட கையடக்கக் கருவிகளிலும் இதே தலைவலி உண்டு. சேவ் ஃபைலை நகர்த்தியபின்னும் பழைய ஆட்டமே வந்தால், சேவ் ஸ்டேட் (எமுலேட்டர் ஆட்டத்தை அந்தக் கணத்தில் இருந்தபடியே பதிந்து வைத்தது) தானாக லோட் ஆகும்படி வைத்திருப்பீர்கள், அதை அணையுங்கள். பழைய சேவ் ஸ்டேட் ஒன்றைத் தவறி லோட் செய்தால் புது ஆட்டத்தின் சேவ் மேலேயே அது எழுதிவிடக்கூடும்.

எந்தக் கருவியில் அழித்தாலும் முடித்ததும் அணைத்துத் திறந்து பாருங்கள், மெனுவில் கன்டினியூ இருக்கக்கூடாது. புது ஆட்டத்தில் சேவ் செய்ய முடிந்த முதல் இடத்திலேயே ஒரு சேவ் போட்டு, மறுபடி அணைத்துத் திறந்து அது நிற்கிறதா என்று பாருங்கள், பழைய கேம்பாய் கார்ட்ரிட்ஜ்களுக்கு இது கட்டாயம். அவற்றில் சேவ் ஃபைலைத் தாங்கிப் பிடிப்பது உள்ளே இருக்கும் ஒரு பட்டன் பேட்டரி, கோல்ட், சில்வரில் கடிகாரமும் அதிலிருந்தே ஓடுவதால் சீக்கிரம் தீர்ந்துவிடும். பேட்டரி போயிருந்தால் அணைத்ததும் ஆட்டம் மறைந்துவிடும், சாலிடர் செய்து புதியது போட்டால்தான் நிற்கும். ரூபி, சஃபையர், எமரால்டில் பேட்டரி தீர்ந்துவிட்டது என்று திரையில் வந்தால் அது கடிகாரத்துக்கான பேட்டரி மட்டுமே, சேவ் ஃபைல் ஃபிளாஷ் மெமரியில் இருப்பதால் ஆட்டம் போகாது, நேரத்தை வைத்து நடக்கிற விஷயங்கள்தான் நின்றுபோகும்.