கூறுவெளியை விடுபடாமல் எழுதும் முறை

இரண்டு தாயக்கட்டைகளை உருட்டினால் விழக்கூடிய எண்கள் 1, 2, 3, 4, 5, 6, 12 என ஏழே ஏழுதான். அதனால் தாயம், அதாவது 1, விழுவதற்கான நிகழ்தகவு ஏழில் ஒன்று என்று எழுதிவிடும் மாணவர்கள் உண்டு. தாயத்துக்காகக் காத்திருந்து காய் இறக்க முடியாமல் தவித்தவர்களுக்கு இந்த விடையில் ஏதோ இடிக்கிறது என்பது உடனே தெரியும்.

விளைவை முன்கூட்டியே சொல்ல முடியாத சோதனையைச் சமவாய்ப்புச் சோதனை என்பார்கள். அதில் கிடைக்கக்கூடிய எல்லா விளைவுகளின் தொகுப்பே கூறுவெளி. அதன் ஒவ்வோர் உறுப்பும் ஒரு கூறுபுள்ளி. கூறுவெளியை எழுதத் தொடங்குமுன், என்ன செய்கிறோம், எதைக் குறித்துக்கொள்கிறோம் என்ற இரண்டையும் ஒரு வரியில் எழுதிக்கொள்ள வேண்டும். இங்கே செய்வது இரு கட்டைகளை உருட்டுவது. குறித்துக்கொள்வது ஒவ்வொரு கட்டையிலும் மேலே நிற்கும் பக்கம். கட்டைக்கு நான்கு பக்கங்கள்: 1, 2, 3, ஒரு வெற்றுப் பக்கம். வெற்றுப் பக்கத்தை 0 என்று கொள்வோம். இரு பக்கங்களின் கூட்டுத்தொகையே விழும் எண்; இரண்டும் வெற்றானால் மட்டும் அது 12.

அடுத்து, ஒரு கட்டையின் நுனியில் சுண்ணாம்பால் ஒரு பொட்டு வைத்திருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். பொட்டு வைத்த கட்டையின் எண்ணை முதலிலும் மற்றதை இரண்டாவதாகவும் எழுதினால், கூறுவெளி நான்கு வரிசைகளில் அடங்கிவிடும்:

(0,0), (0,1), (0,2), (0,3)
(1,0), (1,1), (1,2), (1,3)
(2,0), (2,1), (2,2), (2,3)
(3,0), (3,1), (3,2), (3,3)

மொத்தம் 16. இவற்றில் தாயம் (0,1), (1,0) என்ற இரண்டே இடங்களில் விழுகிறது. எனவே நிகழ்தகவு 2/16, அதாவது 1/8. மூன்று விழ நான்கு வழிகள் இருக்க, பன்னிரண்டுக்கு (0,0) என்ற ஒரே வழிதான். (0,1), (1,0) ஆகிய இரண்டையும் ஒன்றாகக் கருதுவதுதான் இத்தகைய கணக்குகளில் மிகுதியாக நேரும் பிழை. பொட்டு வைப்பது அதைத் தடுப்பதற்காகவே.

நாணயங்களுக்கும் இதே ஒழுங்குதான். தலையை ‘த’ என்று குறித்து, முதல் நாணயத்தை மாற்றாமல் வைத்துக் கடைசி நாணயத்தை முதலில் மாற்றிக்கொண்டே வந்தால், மூன்று நாணயங்களுக்கு ததத, ததபூ, தபூத, தபூபூ, பூதத, பூதபூ, பூபூத, பூபூபூ என எட்டும் விடுபடாமல் வந்துவிடும். சரிபார்க்க 2 × 2 × 2 என்று பெருக்கிப் பார்த்தால் போதும். இரண்டு பகடைகளுக்கு 6 × 6 = 36.

கூறுவெளி சரியாக இருந்தாலும் அதன் உறுப்புகள் எல்லாம் ஒரே அளவு வாய்ப்புடையவையா என்பது வேறு கேள்வி. பிரெஞ்சுக் கணித அறிஞர் தாலம்பேர், 1754இல் வெளிவந்த கலைக்களஞ்சியக் கட்டுரையொன்றில், இருமுறை நாணயத்தைச் சுண்டினால் ஒருமுறையேனும் தலை விழுவதற்கான நிகழ்தகவு 2/3 என்று வாதிட்டார். முதலிலேயே தலை விழுந்தால் ஆட்டம் முடிந்துவிடும் என்பதால் த, பூத, பூபூ என்ற மூன்றே விளைவுகள் என்பது அவர் கருத்து. பட்டியலில் குறையில்லை, ஆனால் ‘த’வின் நிகழ்தகவு 1/2, மற்ற இரண்டுக்கும் தலா 1/4. ஆகவே சரியான விடை 3/4. தாயத்துக்குச் சோழி குலுக்கும் வழக்கமும் உண்டு. ஆறு சோழிகளுக்கு 64 கூறுபுள்ளிகளை எழுதலாம். ஆனால் சோழியின் வாய்ப்புறமும் முதுகும் ஒரே வடிவமல்ல என்பதால், புள்ளிகளை வெறுமனே எண்ணி 64ஆல் வகுத்துவிட முடியாது.

பெட்டியிலிருந்து எடுக்கும் கணக்குகளில், எடுத்ததைத் திரும்ப வைக்கிறோமா என்பதை முதலில் பாருங்கள். சிவப்பு, நீலம், பச்சை என மூன்று பந்துகளில் இரண்டை ஒன்றன்பின் ஒன்றாகத் திரும்ப வைத்து எடுத்தால் 9 விளைவுகள், வைக்காவிட்டால் 6. பின்னதற்கு மர வரைபடமே எளிது: முதற்கிளைகள் மூன்று, ஒவ்வொன்றின் நுனியிலும் எடுத்த நிறம் நீங்கலாக இரண்டு கிளைகள். இரு பந்துகளையும் ஒரே கையில் சேர்த்து அள்ளினால் வரிசை இல்லாமல் 3 விளைவுகள் என்றும் எழுதலாம். பகுதியில் எந்த முறையில் எண்ணினோமோ அதே முறையில் தொகுதியிலும் எண்ணும்வரை விடை மாறாது.